மூன்று பட்டாளங்களும் ஒரு நாற்காலியும்

மார்ச்சு மாதம் முதல் தேதி இரவு வேல்ஸ் நாட்டுப் பட்டாளங்களில் ஒரு விசித்திரமான விருந்து நடைபெறுவது வழக்கம். ஆபீஸர்கள் பொத்தான்கள் பளபளக்க நீண்ட மேஜையைச் சுற்றி அமர்ந்திருப்பார்கள். அவர்களில் புதிதாக வந்து சேர்ந்த இளைஞர் தம் நாற்காலியின்மேல் ஏறி நின்று, ஒரு காலைத் தூக்கி மேஜையின் மேல் வைத்துக்கொள்ள வேண்டும். அவருக்கு ஒரு தட்டில் 'லீக்' கொண்டு வந்து நீட்டுவார்கள். லீக் என்பது நம் வெங்காயத்துக்குத் தங்கை முறை. வெள்ளைத் தண்டும் பச்சை இலையுமாக நீண்டு வளர்வது. பச்சையாகத் தின்றால் காரம் மூக்கில் ஏறிக் கண்ணில் வழியும். பின்னால் ஒருவர் விடாமல் முரசு கொட்டிக்கொண்டிருக்க, இளைஞர் அதைக் கடித்து மென்று விழுங்கியாக வேண்டும். வேல்ஸ் நாட்டின் காவல் முனிவரான டேவிட் என்பவரின் திருநாள் அது.

விருந்துக்கு மற்றொரு பிரமுகரும் வருவார். கொம்புகளுக்குப் பொன் முலாம் பூசிக்கொண்டு, மேஜையைச் சுற்றி ஊர்வலம் வருவார். அவர் ஓர் ஆட்டுக்கடா. பட்டாளத்து ஆடு என்றால் வேடிக்கைக்கு வளர்க்கும் ஆடு என்று நேயர்கள் எண்ணிவிடக் கூடாது. அதற்குச் சைன்யத்தில் நம்பர் உண்டு, பதவி உண்டு, படி உண்டு. 2006-ம் வருஷம் சைப்ரஸ் தீவில் எலிஸபெத் ராணியின் பிறந்த நாள் அணிவகுப்பின்போது, வரிசையில் நில்லாமல் முரசு கொட்டுபவரை முட்டப் போன குற்றத்துக்காக, லான்ஸ் கார்ப்பொரலாயிருந்த ஓர் ஆடு சாதாரண சிப்பாயாகப் பதவி இறக்கப்பட்டது. மூன்று மாதம் ஒழுங்காக நடந்துகொண்ட பிறகே பழைய பதவி திரும்பக் கிடைத்தது. நம்மில் எத்தனை உத்தியோகஸ்தர்களுக்கு இவ்வளவு சீக்கிரம் மன்னிப்புக் கிடைக்கிறது?

இந்த ஆட்டையும் பூண்டையும் பார்த்துச் சிரித்துவிட்டுப் போய்விடலாம். ஆனால் இவற்றுக்குப் பின்னால், தன் ராஜ்யத்தை இழந்த ஒரு சின்னஞ்சிறு தேசம், தன்னை ஜயித்தவனின் சைன்யத்தில் சேர்ந்து, தன் பெயரை மட்டும் எப்படியாவது காப்பாற்றிக்கொள்ளப் பார்த்த கதை ஒன்று இருக்கிறது.

இங்கிலாந்துக்கு மேற்கே கடலை ஒட்டியுள்ள மலைநாடு வேல்ஸ். பரப்பில் நம் தமிழ்நாட்டில் ஆறில் ஒரு பங்குக்குச் சற்றுக் குறைவு. இதன் சொந்த பாஷைக்கும் ஆங்கிலத்துக்கும் வெகு தூரம். 1282-ம் வருஷம் லெவெலின் என்ற கடைசி சுதேச மன்னன் போரில் மாண்டான். முதலாம் எட்வர்ட் அரசன் நாட்டைப் பிடித்து ஊருக்கு ஊர் கோட்டை கட்டினான். அதன் பிறகு நடந்ததுதான் கவனிக்கத் தக்கது. நேற்று வரை இங்கிலீஷ்காரன்மீது அம்பெய்த வில்லாளிகள், பதினாறே வருஷத்தில், 1298-ல், அதே எட்வர்டின் கூலிக்கு ஸ்காட்லாந்துக்காரர்மீது அம்பெய்தார்கள். 1346-ல் கிரெஸி யுத்தத்தில் பிரெஞ்சுக்காரரின் குதிரைப் படையை எதிர்த்து நின்ற அணியிலும் அவர்கள் இருந்தார்கள். மலையில் பிழைப்பு இல்லை. சைன்யத்தில் சம்பளம் இருந்தது. இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. நம் தேசத்துச் சிப்பாய்களின் கதையும் வேறல்லவே!

நிரந்தரமான பட்டாளங்கள் ஏற்பட்டது நானூறு வருஷம் கழித்து. 1689-ல் ஜேம்ஸ் அரசனை விரட்டிவிட்டுப் பட்டத்துக்கு வந்த மூன்றாம் வில்லியம், தன் சிங்காதனத்தைக் காத்துக்கொள்ள அவசரமாக ஆள் திரட்டினான். ஹெர்பர்ட் பிரபு என்பவர் எல்லைப்புறத்து லட்லோ நகரில் திரட்டிய படையே பிற்காலத்தில் 'ராயல் வெல்ச் பியூஸிலியர்ஸ்' என்று பெயர் பெற்ற 23-வது காலாட்படை. பிளென்ஹைம், மிண்டன், வாட்டர்லூ என்று ஐரோப்பாவின் பெரிய சண்டைகளில் அது இல்லாத சண்டை குறைவு. 1775-ல் அமெரிக்கர்கள் சுதந்திரத்துக்காகத் துப்பாக்கி எடுத்தபோது அவர்களை அடக்கப் போயிற்று. 1781-ல் யார்க்டவுனில் அவர்களிடமே சரணடைந்தது. 1857-ம் வருஷத்துப் புரட்சியின்போது லக்னோவுக்கும் வந்தது.

இந்தப் பட்டாளத்தார் சட்டைக் காலரின் பின்புறம் ஐந்து கறுப்பு நாடாக்கள் தொங்கவிட்டிருப்பார்கள். அக்காலத்துச் சிப்பாய்கள் பின்னல் போட்டு, மாவும் கொழுப்பும் தடவுவார்கள். சட்டையில் எண்ணெய்ப் பிசுக்குப் படாதிருக்க நாடா கட்டிக்கொள்வார்கள். 1808-ல் பின்னலை வெட்டச் சொல்லி உத்தரவாயிற்று. அப்போது கடல் கடந்து நோவா ஸ்கோஷியாவில் இருந்த இவர்களுக்கு உத்தரவு எல்லாருக்கும் கடைசியில் போய்ச் சேர்ந்தது. பின்னல் போயிற்று, நாடா மட்டும் போகவில்லை. அதை வைத்துக்கொள்ள அரசனிடம் மன்றாடி 1834-ல் ஆபீஸர்களுக்கும், 1900-ல் சிப்பாய்களுக்கும் அனுமதி வாங்கிவிட்டார்கள்.

மற்ற இரண்டு பட்டாளங்களின் பிறப்பைக் கேட்டால் நேயர்களுக்கு ஆச்சரியமாயிருக்கும். 24-வது காலாட்படை 1689-ல் பிறந்தது வேல்ஸில் அல்ல. இங்கிலாந்தின் மறுகோடியில் உள்ள கெண்ட் ஜில்லாவில். 41-வது படை 1719-ல் ஏற்பட்டது, லண்டன் செல்ஸீ ஆஸ்பத்திரியில் இருந்த பென்ஷன் சிப்பாய்களைக் கொண்டு! ஊன்றுகோல்காரர்களின் பட்டாளம் என்றே சொல்லலாம். அது 1787-ல்தான் உண்மையான போர்ப்படையாயிற்று. 1831-ல் 'வெல்ச் ரெஜிமெண்டு' என்ற பெயரும், 'மானம் இழப்பதினும் மரணம் மேல்' என்று பொருள்படும் வெல்ஷ் மொழி விருதுவாக்கியமும் அதற்கு அளிக்கப்பட்டன. 24-வது படையின் கிளையாக 1756-ல் தோன்றித் தனியாகப் பிரிந்தது 69-வது படை. இதற்கு லிங்கன்ஷயர் என்ற இங்கிலீஷ் ஜில்லாவின் பெயர்.

இந்த 69-வது படை நமக்குப் புதியதன்று. 1806-ம் வருஷம் ஜூலை மாதம் 10-ந் தேதி வேலூர்க் கோட்டைக்குள் படுத்துறங்கிய வெள்ளைக்காரப் படை அதுதான். நெற்றிக் குறி கூடாது, கடுக்கன் கூடாது, தாடியைச் சிரைத்துக்கொள், தோல் சேர்ந்த புதுத் தலைப்பாகையைக் கட்டிக்கொள் என்று வந்த உத்தரவுகளால் மனம் புண்பட்டிருந்த மதராஸ் சிப்பாய்கள், விடியுமுன் அவர்களுடைய படுக்கைக் கொட்டடியைச் சூழ்ந்து சுட்டார்கள். அன்று அந்தப் பட்டாளத்தார் நூற்றுக்கு மேற்பட்டவர்கள் மாண்டார்கள். கோட்டைக் கொடிமரத்தில் திப்புவின் புலிக்கொடி ஏறியது. எஞ்சியவர்கள் மதில்மேல் பதுங்கிப் போராடிக்கொண்டிருக்கையில், ஆர்க்காட்டிலிருந்து குதிரைப் படையுடன் பறந்து வந்தார் கில்லெஸ்பி. அவரைக் கோட்டைமேலிருந்து அடையாளம் கண்டுகொண்டவர் 69-வது படையைச் சேர்ந்த சார்ஜெண்ட் பிராடி. கயிற்றைப் பிடித்துக்கொண்டு மதிலேறினார் கில்லெஸ்பி. பிறகு கதவு பீரங்கியால் பிளந்தது. அதற்குப் பின் கோட்டைக்குள் நடந்த பழிவாங்கலில் மாண்ட சிப்பாய்களின் தொகை, மாண்ட வெள்ளைக்காரர்களைப் போல் பல மடங்கு. அரண்மனையில் ஒளிந்திருந்த சுமார் நூறு பேரைச் சுவரோரம் நிறுத்திச் சுட்டார்கள்.

அன்று வேலூரில் ஒருவருக்கொருவர் எதிரில் நின்றவர்கள் யார்? ஒரு பக்கம், கம்பெனியின் சம்பளம் வாங்கும் நம்மவர். மறுபக்கம், அரசனின் சம்பளம் வாங்கும் லிங்கன்ஷயர் பெயர்கொண்ட ஏழைக் குடியானவர். அதே 69-வது படையை எழுபத்தைந்து வருஷம் கழித்து, 1881-ல், 41-வதுடன் சேர்த்து ஒரே வேல்ஸ் பட்டாளம் என்று லண்டன் யுத்த இலாகா பெயர் மாற்றியது. காகிதத்தில் ஒரு கையெழுத்து விழுந்தது. வேலூர்க் கோட்டையில் செத்தவர்கள் வேல்ஸ் நாட்டுச் சரித்திரத்தில் போய்ச் சேர்ந்துவிட்டார்கள்!

24-வது படைக்கும் தமிழ்நாட்டோடு ஒரு சம்பந்தம் உண்டு. அதைச் சொன்னால் தேனி, கம்பம் பக்கத்து நேயர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். 1849-ம் வருஷம் ஜனவரி 13-ந் தேதி, பஞ்சாபில் ஜீலம் நதிக்கு அருகே சிலியன்வாலா என்னுமிடத்தில் சீக்கியர்களோடு கடும்போர் நடந்தது. முட்புதர்க் காட்டினூடே, துப்பாக்கி சுடாமல் வெறும் சனியனைக் கொண்டே பீரங்கிகளைப் பிடிக்கப் பாய்ந்தது 24-வது படை. மாண்டவர்களும் காயமடைந்தவர்களுமாக ஐந்நூறு பேருக்கு மேல் வீழ்ந்தார்கள். படையணித் தலைவராய் அதை நடத்திச் சென்ற ஜான் பென்னிகுவிக் உயிர் துறந்தார். அவருடைய மகன் அலெக்ஸாண்டர், பதினேழு வயதுப் பிள்ளை, அதே படையில் ஆபீஸர். தந்தையின் உடலைக் காத்து நின்று அவனும் மாண்டான். வீட்டில் இருந்த இளைய மகன் ஜானுக்கு எட்டு வயது நிறைய இன்னும் இரண்டு நாள் இருந்தது. அந்தச் சிறுவன்தான், 1895-ல் பெரியாற்றைத் தடுத்து வைகைக்குத் திருப்பிய கர்னல் பென்னிகுவிக். தகப்பனார் மாண்ட யுத்தம் ஒரு சுதந்திர ராஜ்யத்தைப் பறித்தது. பிள்ளை கட்டிய அணை லட்சக்கணக்கான ஏக்கரில் நெல் விளைவித்தது. அவருடைய படத்தை வைத்துப் பொங்கலிடுகிறவர்கள் நம் மதுரைச் சீமையில் இன்றைக்கும் இருக்கிறார்கள்.

சிலியன்வாலாவில் அந்தப் படைக்கு வார்விக்ஷயர் என்று பெயர். அதன் தலைமை டிப்போ வேல்ஸிலுள்ள பிரெக்கன் நகருக்கு மாறியது 1873-ல்தான். ஆறு வருஷத்துக்குள் அதற்குப் பெரும் சோதனை வந்தது. தென்னாப்பிரிக்காவில் ஜூலு மன்னன் செட்ஷ்வாயோவின் ராஜ்யத்தின்மேல் ஆங்கிலேயர் காரணமில்லாமல் படையெடுத்தார்கள். 1879-ம் வருஷம் ஜனவரி 22-ந் தேதி, இஸாண்டல்வானா மலையடிவாரத்தில், தங்கள் மண்ணைக் காக்க வந்த ஜூலுக்கள் ஈட்டியும் கேடயமும் கொண்டே பிரிட்டிஷ் பாசறையை அழித்துவிட்டார்கள். 24-வது படையில் மட்டும் அறுநூறு பேருக்கு அருகில் மாண்டார்கள். அன்று மாலையும் இரவும், பக்கத்திலிருந்த ரோர்க்ஸ் டிரிப்ட் என்ற பாதிரிமார் மனையில், சுமார் நூற்றைம்பது பேர் மக்காச்சோள மூட்டைகளையும் பிஸ்கோத்துப் பெட்டிகளையும் அடுக்கி அரண் செய்து, மூவாயிரத்துக்கு மேற்பட்ட ஜூலுக்களைத் தடுத்து நின்றார்கள். இந்த ஒரு சண்டைக்குப் பதினொரு விக்டோரியா கிராஸ் பதக்கங்கள். அவற்றில் ஏழு 24-வது படைக்கு. காலையில் ஏற்பட்ட அவமானத்தை மறைக்க மாலையில் நடந்த வீரத்தைச் சற்று அதிகமாகவே கொண்டாடினார்கள் என்பது என் அபிப்பிராயம். அதனால் அங்கே நின்றவர்களின் வீரம் பொய்யென்று சொல்லவில்லை. சுடப்பட்டு வீழ்ந்த ஜூலுக்களின் வீரத்துக்குத்தான் பதக்கம் கொடுக்க ஆளில்லை.

1964-ல் 'ஜூலு' என்றொரு சினிமாப் படம் வந்தது. அதில் அந்தச் சிப்பாய்கள் வேல்ஸ் நாட்டுப் பழம் போர்ப்பாட்டைப் பாடி ஜூலுக்களுக்குப் பதிலடி கொடுப்பார்கள். கேட்பவர்களுக்கு மயிர்க்கூச்செறியும். ஆனால் அன்றைக்கு அது வார்விக்ஷயர் படை. அதன் நடைப்பாட்டும் வார்விக்ஷயர் பாட்டு. அங்கே நின்றவர்களில் இங்கிலீஷ்காரரே அதிகம், அயர்லாந்துக்காரரும் இருந்தார்கள். பதக்கம் பெற்ற ஜான் வில்லியம்ஸ் என்ற பச்சை வெல்ஷ் பெயர்க்காரரின் உண்மைப் பெயர் பீல்டிங். ஐரிஷ் பெற்றோருக்கு வேல்ஸில் பிறந்தவர். 'தென் வேல்ஸ் எல்லைப்படை' என்ற பெயர் அதற்குக் கிடைத்தது 1881-ல். படத்தைத் தயாரித்து அதில் நடித்தவரோ வேல்ஸ் சுரங்கப் பள்ளத்தாக்கில் பிறந்த ஸ்டான்லி பேக்கர். ஒரு ஜாதியார் தங்களுக்கு வேண்டிய சரித்திரத்தைப் பின்னோக்கிப் பாடிக்கொள்வது உலகமெங்கும் உள்ள வழக்கம்தான்.

ஆகப் பெயர் முதலில் வந்தது. ஆள் பிறகு வந்தான். வந்த ஆளிடம் அவன் பாஷையை வாசலில் விட்டுவிட்டு வரச் சொன்னார்கள். 1536-ம் வருஷத்துச் சட்டப்படியே வேல்ஸில் கோர்ட்டும் உத்தியோகமும் ஆங்கிலத்துக்கு மட்டும் உரியவையாகிவிட்டன. பத்தொன்பதாம் நூற்றாண்டில் பள்ளிக்கூடத்தில் வெல்ஷ் பேசிய குழந்தையின் கழுத்தில் ஒரு மரத்துண்டைக் கட்டி விடுவார்கள். மற்றொரு குழந்தை பேசி அகப்பட்டால் துண்டு அதன் கழுத்துக்கு மாறும். மாலையில் யார் கழுத்தில் இருக்கிறதோ அதற்கு அடி. இதைச் செய்தவர்கள் என் தொழிலைச் சேர்ந்த உபாத்தியாயர்களே. தாய்பாஷை பேசினதற்கு அபராதம் போடும் பள்ளிக்கூடங்கள் நம் ஊரிலும் இல்லாமற் போய்விடவில்லை. ஆகையால் நான் வெகு தூரம் விரல் நீட்ட முடியாது.

1914-ல் மகா யுத்தம் வந்தது. அப்போது பிரிட்டிஷ் நிதி மந்திரியாயிருந்தவர் லாயிட் ஜார்ஜ், வெல்ஷ் பேசி வளர்ந்தவர். வேல்ஸுக்கென்று தனி சைன்யம் வேண்டும் என்று மேடையேறி முழங்கினார். யுத்த மந்திரி கிச்சனருக்கு அது பிடிக்கவில்லை. சிப்பாய்கள் வெல்ஷ் பேசக்கூடாது என்று உத்தரவு பிறந்ததைக் குறித்து இருவருக்கும் மந்திரி சபையிலேயே பெரும் வாக்குவாதம் நடந்தது. அதுவரை பட்டாளம் என்றாலே பாவம் என்று உபதேசித்து வந்த கிராமத்துச் சபைகளில், ஜான் வில்லியம்ஸ் என்ற புகழ் பெற்ற பிரசங்கி ராணுவ உடுப்போடு பிரசங்க மேடை ஏறி ஆள் சேர்த்தார். சுரங்கக்காரர், பலகைக்கல் வெட்டுவோர், குடியானவர், குமாஸ்தா என்று இளைஞர்கள் சேர்ந்தார்கள். 38-வது வெல்ஷ் டிவிஷன் உருவாயிற்று. 1915-ல் ஐந்தாம் ஜார்ஜ் அரசர் 'வெல்ஷ் கார்ட்ஸ்' என்ற காவற்படையையும் ஏற்படுத்தினார்.

1916 ஜூலை 7 முதல் 12 வரை, பிரான்ஸில் ஸோம் நதிப் பிரதேசத்தில், மாமெட்ஸ் காடு என்ற அடர்ந்த தோப்பைப் பிடிக்க 38-வது டிவிஷன் அனுப்பப்பட்டது. மறைவில்லாத சரிவில் இறங்கி மெஷின் துப்பாக்கிகளை நோக்கி ஏற வேண்டும். காட்டைப் பிடித்தார்கள். நாலாயிரம் பேர் மாண்டும் காயப்பட்டும் காணாமலும் போனார்கள். அங்கே காயப்பட்ட டேவிட் ஜோன்ஸ் என்ற சாதாரணச் சிப்பாய், இருபது வருஷத்துக்கு மேல் கழித்து அந்த அனுபவத்தைப் பெருங்காவியமாக எழுதினார். ராபர்ட் கிரேவ்ஸ், ஸீக்பிரீட் ஸஸூன் என்ற ஆங்கிலக் கவிகளும் வெல்ச் பியூஸிலியர்ஸ் ஆபீஸர்களே. மாண்டவர்களின் நினைவாக 1987-ல் அக்காட்டை நோக்கி ஒரு சிவப்பு டிராகன் சிலை வைக்கப்பட்டது. முள்வேலிக் கம்பியை அது நகத்தால் பிய்த்துக்கொண்டு நிற்கிறது.

இத்தனை உயிருக்கும் கிடைத்த பரிசுகளில் ஒன்று, ஓர் எழுத்து. 'வெல்ஷ்' என்பதன் ஆங்கில எழுத்துக்கூட்டில் வரும் 'எஸ்' எழுத்துக்குப் பதில், பழைய வழக்கப்படி 'ஸி' போட்டு 'வெல்ச்' என்று எழுதிக்கொள்ள 1920-ல் யுத்த இலாகா அனுமதித்தது. என் மாணாக்கன் அப்படி எழுதினால் மார்க்கைக் குறைப்பேன். அந்தப் பட்டாளத்தார் அதைப் பெற நெடுங்காலம் போராடினார்கள்.

யுத்தத்தில் தென் வேல்ஸ் எல்லைப்படையில் ஆபீஸராயிருந்து திரும்பியவர்களில் ஒருவர் ஸாண்டர்ஸ் லூயிஸ். 1925-ல் வேல்ஸ் தேசியக் கட்சியை ஆரம்பித்தவர்களில் இவர் முக்கியமானவர். 1936-ல், ஜனங்களின் ஆட்சேபத்தைப் பொருட்படுத்தாமல் லீன் தீபகற்பத்தில் குண்டுவீச்சுப் பயிற்சிக்கூடம் கட்டப்பட்டபோது, ஒரு பாதிரியாரும் ஒரு பள்ளி ஆசிரியரும் இவருமாக மூவர் அங்கிருந்த கட்டட சாமான்களுக்குத் தீ வைத்துவிட்டு, நேரே போலீஸ் ஸ்டேஷனுக்குப் போய்த் தாங்களே சொல்லிக்கொண்டார்கள். வேல்ஸ் ஜூரிகள் குற்றவாளியென்று ஒருமனதாகச் சொல்ல மறுத்தார்கள். வழக்கை லண்டனுக்கு மாற்றி, 1937-ல் ஒன்பது மாதச் சிறைத்தண்டனை வாங்கிக் கொடுத்தார்கள். அரசனுக்காக அகழியில் நின்றவர், அரசனின் சிறையில் இருந்தார்.

பட்டாளங்கள் பிறகு சுருங்கத் தொடங்கின. 1944-ல் கோஹிமாவில் ஜப்பானியரோடு பொருத படைகளில் வெல்ச் பியூஸிலியர்ஸும் உண்டு. சாம்ராஜ்யம் போன பின் இத்தனை சைன்யம் எதற்கு? 1969-ல் 24-வதும் 41-வதும் ஒன்றாயின. 2006 மார்ச்சு முதல் தேதி, அந்த லீக் தின்னும் நாளிலேயே, பியூஸிலியர்ஸும் சேர்ந்து எல்லாம் 'ராயல் வெல்ஷ்' என்ற ஒரே ரெஜிமெண்டாயின. வெல்ஷ் கார்ட்ஸ் தனியே இருக்கிறது. 1982-ல் பாக்லாந்துத் தீவுக்கருகே எரிந்த 'ஸர் கலஹாட்' கப்பலில் அந்தப் படையினர் முப்பத்திரண்டு பேர் மாண்டார்கள்.

தலைப்பில் சொன்ன நாற்காலியை நான் மறந்துவிடவில்லை. வடக்கு வேல்ஸில் டிராஸ்வினித் என்ற மலைக் கிராமத்தில் எல்லிஸ் எவன்ஸ் என்ற ஆட்டு இடையர் இருந்தார். பதினான்கு வயதோடு படிப்பு நின்றுவிட்டது. 'ஹெத் வின்' என்ற புனைபெயரில் வெல்ஷ் மொழியில் கவி பாடுவார். 'வெள்ளிய சாந்தி' என்பது அதன் பொருள். யுத்தத்தில் அவருக்கு விருப்பமில்லை. ஆனால் கட்டாய ராணுவச் சட்டம் வந்து, குடும்பத்தில் ஒரு பிள்ளை போயாக வேண்டும் என்றதும், தம்பி போக வேண்டாமென்று தாமே போனார். 1917-ம் வருஷ ஆரம்பத்தில் பியூஸிலியர்ஸின் 15-வது பட்டாலியனில் சிப்பாயானார். உழவுக்கென்று கிடைத்த சில வார ரஜாவில் வீட்டுக்கு வந்தவர், உழுததைவிட அதிகமாய் எழுதினார். பிரான்ஸ் போய்ச் சேர்ந்த பின் 'வீரன்' என்ற அந்தக் கவிதையை முடித்து, தேசியக் கவிச்சபைப் போட்டிக்குத் தபாலில் அனுப்பினார். ஜூலை 31-ந் தேதி, பெல்ஜியத்தில் பாஷெண்டேல் போரின் முதல் நாளில், குண்டு பட்டு இறந்தார். வயது முப்பது.

செப்டம்பர் 6-ந் தேதி பர்க்கன்ஹெட் நகரில் கவிச்சபை கூடியது. பிரதம மந்திரியாகிவிட்டிருந்த லாயிட் ஜார்ஜும் வந்திருந்தார். முதற் பரிசு ஒரு நாற்காலி; பெல்ஜியத்திலிருந்து யுத்தத்துக்குத் தப்பி ஓடி வந்த அகதித் தச்சர் ஒருவர் கருவாலி மரத்தில் செதுக்கியது. எக்காளம் ஊதி, வென்றவரின் புனைபெயரைச் சொல்லி எழுந்து நிற்குமாறு அழைத்தார்கள். யாரும் எழவில்லை. மறுபடி அழைத்தார்கள். மூன்றாவது முறையும் அழைத்தார்கள். கவி சுமார் ஐந்து வாரங்களுக்கு முன் போரில் இறந்துவிட்டார் என்று சபைக்கு அறிவித்து, நாற்காலியின்மேல் ஒரு கறுப்புத் துணியைப் போர்த்தினார்கள். அந்தத் தனி சைன்யத்தை முதலில் கேட்டவர் மேடையில் இருந்து அதைப் பார்த்தார்.

நாற்காலி ரயிலேறிக் கிராமத்துக்குப் போயிற்று. இன்றைக்கும் அது, அவர் வளர்ந்த பண்ணை வீட்டில் இருக்கிறது. பார்க்க வருகிறவர்களுக்குக் கதவைச் சாத்துவதில்லை என்று அந்தக் குடும்பத்தார் பல தலைமுறை காத்து வந்தார்கள். பிறகு வீடு பொதுச் சொத்தாயிற்று. 1923-ல் ஊர்ச் சாலையில் அவருக்குச் சிலை வைத்தார்கள். தாயாரே திரை நீக்கினார். சிலையில் பட்டாளத்து உடுப்பு இல்லை. கறுப்பு நாடா இல்லை. சட்டைக் கையை மடித்து விட்டுக்கொண்டு, ஓர் இடையர் நிற்கிறார்.